எரவாணத்தில் செருகிய தீ: தகடூர்ப் பாடல்கள் முதல் ‘பூக்குழி’ வரை

தருமபுரி மாவட்டம் பென்னாகரம் வட்டத்தில் காவிரி பாறைகளுக்கிடையே விழுந்து சிதறும் இடத்துக்கு வழங்கும் ஒகேனக்கல் என்ற பெயர், புகையைக் குறிக்கும் ‘ஹொகே’ என்ற கன்னடச் சொல்லும் ‘கல்’ என்ற சொல்லும் சேர்ந்து அமைந்தது. நீர்த்திவலைகள் மேலெழும்போது பாறையே புகைவதுபோலத் தோன்றுவதால் இப்பெயர் வந்தது என்பர். தீ இல்லாத இடத்தில் புகையைக் கண்ட இந்தப் பெயர், தீயைப் பற்றித் தமிழில் நிகழ்ந்த பழைய விவாதம் ஒன்றை நினைவூட்டுகிறது. மணிமேகலையின் இருபத்தொன்பதாம் காதையில் அறவண அடிகள் மணிமேகலைக்குப் பௌத்தத் தருக்கத்தைக் கற்பிக்கும்போது, நிறுவ வேண்டிய கூற்றாகிய ‘பக்கம்’, அதற்குக் காரணமாகிய ‘ஏது’, இரண்டையும் இணைத்துக் காட்டும் எடுத்துக்காட்டாகிய ‘திட்டாந்தம்’ ஆகிய மூன்றையும் விளக்க, புகையுடைய மலையில் நெருப்பு உண்டு என்ற வாதத்தையே எடுத்துக்கொள்கிறார். அந்த வாதத்துக்குத் திட்டாந்தமாக நிற்பது அடுக்களை. காண்பது ஆவியா, பனியா, புகையா என்ற ஐயம் தீராமலே நெருப்பு உண்டு என்று துணிவதைக் குற்றமுள்ள ஏதுக்களில் ஒன்றாகவும் அதே காதை வகுத்துவைக்கிறது. ஒகேனக்கல் என்ற பெயரில் உறைந்திருப்பது ஏறத்தாழ இந்தக் குற்றம்தான் என்று தருக்க நூலார் சொல்லக்கூடும்.

இந்த எடுத்துக்காட்டு வடமொழித் தருக்க நூல்களிலிருந்து வந்தது. மணிமேகலையை இயற்றிய சாத்தனார் புதிதாகப் படைத்ததல்ல. ஆயினும் மலையில் எரியும் தீயை அறிந்துகொள்ள அடுக்களையில் எரியும் தீயைச் சாட்சிக்கு அழைக்கும் இந்த முறை, தீயைப் பொருளாகக் கொண்ட தமிழ் நூல்களைப் படிப்பதற்கு நல்ல திறவுகோலாக அமைகிறது. மலைத்தீ அச்சம் தருவது. அடுக்களைத்தீ உயிரைக் காப்பது. இரண்டும் ஒரே பொருள் என்பதே தருக்கத்தின் அடிப்படை. தீயை அழிவின் குறியீடு என்றோ வாழ்வின் குறியீடு என்றோ பிரித்து, இன்ன நூலில் இது, இன்ன நூலில் அது என்று பட்டியலிடும் திறனாய்வு முறை இந்த இடத்தில்தான் தடுக்கி விழுகிறது. தீ எங்கே வைக்கப்பட்டது, யார் கையில் இருந்தது, எவ்வளவு தொலைவில் எரிந்தது என்ற மூன்று கேள்விகளையே தமிழ் நூல்கள் திரும்பத் திரும்பக் கேட்டிருக்கின்றன. பழைய பெயரில் தகடூர் நாடு என்று அறியப்பட்ட தருமபுரிப் பகுதியோடு தொடர்புடைய நூல்கள் அந்தக் கேள்விகளை வேறெவற்றையும்விடக் கூர்மையாகக் கேட்டிருக்கின்றன.

தகடூரை ஆண்ட அதியமான் நெடுமான் அஞ்சியை ஔவையார் பாடிய புறநானூற்றுப் பாடல்களில் 315ஆம் பாடல் அளவில் சிறியது. அஞ்சியின் கொடையையும் எளிமையையும் சொல்லிவிட்டு, அவன் அடங்கியிருக்கும்போது வீட்டின் இறைப்பில் செருகிய ஞெலிகோல் போன்றவன் என்றும், வெளிப்படும்போது அந்தக் கோலே கக்கும் பெருநெருப்புப் போன்றவன் என்றும் அப்பாடல் முடிகிறது. ஞெலிகோல் என்பது தீக்கடைகோல். குழியுள்ள மரத்துண்டின் மேல் மற்றொரு கோலை நிறுத்தி, உள்ளங்கைகளுக்கிடையே விரைவாக உருட்டிக் கடையும்போது, உராய்வில் உதிரும் மரத்தூள் கறுத்துப் புகைந்து கங்காகும். அதைக் காய்ந்த நாரிலோ சருகிலோ ஏந்தி ஊதித் தீயாக்குவர். மரத்தில் துளி ஈரம் பட்டாலும் கடைதல் பலிக்காது என்பதால், மழை படாமலும் அடுப்புப் புகை பட்டுக்கொண்டும் இருக்கும் கூரையின் தாழ்ந்த விளிம்பு அதை வைக்க ஏற்ற இடம். பாடல் ‘இறை’ என்று குறிப்பிடும் அந்த இடத்தைத்தான் தமிழகத்துக் கிராமத்தார் இன்றும் எரவாணம் என்கின்றனர். அரிவாள், கோழிச்சிறகு, பழைய ரசீது என எதையும் அங்கே செருகிவைக்கும் பழக்கம், கூரை வீடுகள் அருகிவிட்ட பின்னும் பேச்சில் மிஞ்சியிருக்கிறது.

உவமையின் நுட்பம் இந்த இடத்தேர்வில் இருக்கிறது. ஒரு வீட்டில் மிக எளிதில் பற்றிக்கொள்ளக்கூடிய பகுதி கூரைப்புல். அந்தக் கூரைப்புல்லுக்குள்ளேயே தீயின் கருவியைச் செருகிவைத்துவிட்டு அதன்கீழ் குடும்பம் உறங்குகிறது. கோல் அங்கே இல்லாவிட்டால் அடுப்பு எரியாது. கோல் தானாகத் தீயாகிவிட்டால் வீடே மிஞ்சாது. அஞ்சியின் அருகே வாழும் குடிகளுக்கும் புலவர்க்கும் அவன் எப்படிப்பட்டவன் என்பதை இதைவிடச் சுருக்கமாகச் சொல்வது கடினம். உரைகள் பொதுவாக இவ்வுவமையை அரசனின் அடக்கத்துக்கும் ஆற்றலுக்கும் எடுத்துக்காட்டாகக் கொள்கின்றன. அது சரியே என்றாலும், பாடலில் அந்த ஆற்றல் போர்க்களத்திலோ பகைவர் நாட்டிலோ வைக்கப்படாமல் ஒரு வீட்டின் எரவாணத்தில் வைக்கப்பட்டிருப்பதை அவ்விளக்கம் போதிய அளவு கவனிக்கவில்லை. பாரதியார் தம் அக்கினிக் குஞ்சைக் காட்டின் மரப்பொந்தில் வைத்தார். அங்கே எரிவது காடு, வைத்தவர் வெளியே நிற்கிறார். ஔவையார் வைத்த இடத்தில் வைத்தவரும் உள்ளேயே இருக்கிறார். பாரதியாரின் தோழர் சுப்பிரமணிய சிவா தம் இறுதிக் காலத்தைக் கழித்து 1925 ஜூலை 23இல் மறைந்த பாப்பாரப்பட்டி இதே பென்னாகரம் வட்டத்தில் இருப்பதால், அஞ்சியின் ஞெலிகோலையும் பாரதியாரின் குஞ்சையும் அருகருகே வைத்துப் பார்ப்பது இந்த மண்ணில் அவ்வளவு வலிந்து செய்யும் ஒப்பீடாகாது.

அஞ்சி இறந்தபின் ஔவையார் பாடிய கையறுநிலைப் பாடல்களில் ஒன்று 231ஆம் பாடல். கையறுநிலை என்பது தலைவன் இறந்தபோது அவனைச் சார்ந்தோர் செயலற்று வருந்துவதைப் பாடும் துறை. இங்கும் தீ வருகிறது; இம்முறை அது ஈமத்தீ. அந்தச் சிதையின் கரிந்த விறகுகளுக்கு ஔவையார் காட்டும் உவமை, குறவர் காட்டை வெட்டிச் சுட்ட புனத்தில் எஞ்சிக் கிடக்கும் குறைக்கட்டைகள். தீ தணிந்து சுருங்கினாலும் சுருங்கட்டும், விசும்பு தொட நீண்டாலும் நீளட்டும், அவன் புகழ் அழியாது என்கிறது பாடல். குறவர் மலைச்சரிவின் மரங்களை வெட்டிச் சாய்த்து, உலர்ந்தபின் தீயிட்டு, சாம்பல் கலந்த மண்ணில் தினை விதைப்பது வழக்கம். தீ அங்கே உழவின் முதல் வேலை. கரிக்கட்டைகள் சிதறிய புனம் அடுத்த மழைக்குப் பின் பயிர் நிற்கப்போகும் நிலம். தன் தலைவனின் சிதையைப் பார்த்து நிற்கும் புலவர்க்கு விதைப்புக்கு முந்திய வயலின் தோற்றம் நினைவுக்கு வந்திருப்பது, துயரத்தின் நடுவே நழுவி விழுந்த சொல் அன்று என்றே தோன்றுகிறது. ஈமமும் புனமும் ஒரே கரியால் ஆனவை என்று கண்ட கண் அது.

சேர அரசன் பெருஞ்சேரல் இரும்பொறை, பதிற்றுப்பத்தின் எட்டாம் பத்துக்குத் தலைவன், ‘தகடூர் எறிந்த’ என்ற அடைமொழியோடு அறியப்படுகிறான். அந்தப் போரைப் பாடிய ‘தகடூர் யாத்திரை’ முழுமையாகக் கிடைக்கவில்லை. புறத்திரட்டு போன்ற தொகுப்புகளும் உரைகளும் எடுத்தாண்ட செய்யுள்கள் மட்டுமே தப்பின. திருக்கோவலூர்ப் பகுதியிலுள்ள ஜம்பையில் 1981இல் கண்டறியப்பட்ட தமிழ்-பிராமிக் கல்வெட்டில் அதியமான் நெடுமான் அஞ்சியின் பெயர் இருப்பதால் அவன் வரலாற்று மனிதன் என்பது உறுதிப்பட்டது. அவன் ஊரின் வீழ்ச்சியைச் சொன்ன நூலோ ஏட்டிலேயே போயிற்று. உ. வே. சாமிநாதையர் புறநானூற்றை அச்சிட்டது 1894இல். அப்பதிப்பிலும் 267, 268ஆம் பாடல்கள் இல்லை, பின்னரும் கிடைக்கவில்லை. ஏடு தேடிக் கரிவலம்வந்தநல்லூர் சென்றபோது, அங்கிருந்த பழைய ஏடுகளை நெய்யில் தோய்த்து ஓமகுண்டத்தில் இட்டுவிட்டதாகத் தம்மிடம் சொல்லப்பட்டதை அவர் தன்வரலாற்றில் வருத்தத்தோடு பதிந்திருக்கிறார். அழிக்கும் நோக்கத்தோடு யாரும் அதைச் செய்யவில்லை என்பதும், புனிதமான தீயில் இட்டதாகவே நினைத்தார்கள் என்பதும்தான் அந்நிகழ்ச்சியின் கொடுமை. அஞ்சியின் ஈமத்தீயைப் பாடிய ஏடு அத்தகைய தீக்கெல்லாம் தப்பி அச்சேறியது தற்செயல் என்றே சொல்ல வேண்டும்.

புறநானூறு இடத்தைப் பற்றிப் பேசுகிறது என்றால், திருக்குறள் தொலைவைப் பற்றிப் பேசுகிறது. மன்னரைச் சார்ந்து வாழ்வோர் நெருப்பில் குளிர்காய்வோரைப் போல மிக விலகாமலும் மிக நெருங்காமலும் இருக்க வேண்டும் என்பது 691ஆம் குறளின் கருத்து. இதற்குத் ‘தீக்காய்தல்’ என்ற சொல்லையே வள்ளுவர் ஆள்கிறார். கார்த்திகை, மார்கழி விடியலில் சுள்ளி கூட்டிக் குந்தியிருக்கும் எவருக்கும் அதன் பொருள் உடலால் தெரியும். காமத்துப்பாலில் இந்தத் தொலைவுக் கணக்கு தலைகீழாகிறது: நெருப்பு தொட்டால்தான் சுடும், காமநோயோ விட்டு நீங்கினால் சுடும் என்கிறது 1159ஆம் குறள், விலகினால் சுட்டு அணுகினால் குளிரும் தீயை இவள் எங்கே பெற்றாள் என்று தலைவன் வியப்பதைச் சொல்கிறது 1104ஆம் குறள். அரசியலுக்கும் காதலுக்கும் ஒரே அளவுகோலை எடுத்து, ஒன்றில் நேராகவும் மற்றதில் திருப்பியும் பிடித்திருக்கிறார் வள்ளுவர்.

இவ்வரிசையில் முதன்மையானது வெகுளாமை அதிகாரத்தின் 306ஆம் குறள். சினத்தை அங்கே வள்ளுவர் ‘சேர்ந்தாரைக் கொல்லி’ என்கிறார். தன்னைச் சேர்ந்தவரைக் கொல்வது என்ற பொருளில் இது நெருப்புக்குரிய காரணப்பெயர். அந்தத் தீ சினம் கொண்டவனை மட்டும் எரிப்பதோடு நிற்காமல் அவனுக்கு இனம் என்னும் பாதுகாப்பான தெப்பத்தையும் சுட்டுவிடும் என்று குறள் தொடர்கிறது. நீரைக் கடக்க உதவும் புணையைத் தீ எரிக்கிறது என்பது விந்தையான படிமம். நடு ஆற்றில் தெப்பம் தீப்பற்றினால், தீயிலிருந்து தப்பக் குதிப்பவனை நீர் கொள்ளும். ஆபத்தையும் உயிர்பிழைத்தலையும் ஒரே வாக்கியத்தில் இவ்வளவு நெருக்கமாக முடிந்துவைத்த இடம் தமிழில் வேறொன்று இருக்குமா என்பது ஐயம். சேர்ந்தார், இனம், தெப்பம் என்ற இம்மூன்று சொற்களும் இருபத்தோராம் நூற்றாண்டின் நாவல் ஒன்றைப் படிக்கும்போது மீண்டும் தேவைப்படும்.

காப்பியங்களில் தீ தெரிந்தெடுக்கும் ஆற்றல் பெறுகிறது. மதுரையை எரிக்கக் கண்ணகி ஏவிய தீக்கடவுளிடம், அந்தணர், அறவோர், பசுக்கள், பத்தினிப் பெண்டிர், முதியோர், குழந்தைகள் ஆகியோரை விட்டுவிட்டுத் தீயோர் பக்கம் மட்டும் சேரும்படி அவள் பணிப்பதாகச் சிலப்பதிகாரம் சொல்கிறது. எரிகின்ற ஊரில் எந்தத் தீயும் இப்படி வீடு பார்த்து நுழைவதில்லை. நீதி தவறிய அரசுக்கு எதிரான சினத்தை அறமாக்க இளங்கோவடிகளுக்கு இந்த விலக்குப்பட்டியல் தேவைப்பட்டிருக்கிறது. அந்தப் பட்டியலில் யாருக்கெல்லாம் இடமில்லை என்பதும் வாசகர் எண்ணிப்பார்க்க வேண்டியதே. மணிமேகலையில் வரும் ஆதிரையின் கதை இதற்கு நேர் எதிர்த் திசையில் செல்கிறது. கணவன் சாதுவன் கப்பல் உடைந்து இறந்தான் என்ற தவறான செய்தியை நம்பி ஆதிரை எரியும் குழியில் புகுகிறாள். தீ அவளைச் சுடவில்லை. தீயும் சுடாத பாவியானேனே என்று அவள் வருந்த, கணவன் உயிரோடிருப்பதை அசரீரி அறிவிக்கிறது. கைம்பெண் தீப்புகுதலை இக்கதை கண்டிக்கவில்லை, கற்பின் சான்றாகவே காட்டுகிறது என்பதை மறைக்க வேண்டியதில்லை. ஆயினும் சாத்தனார் அவளைத் தீயிலிருந்து மீட்டு என்ன செய்யவைக்கிறார் என்பது முக்கியம். மணிமேகலை கையிலுள்ள அமுதசுரபியில் முதல் பிச்சையை இடுபவள் ஆதிரை. அந்தச் சோறுதான் அடுத்த காதையில், எவ்வளவு உண்டாலும் அடங்காத ‘யானைத்தீ’ என்னும் பசிநோயால் பன்னிரண்டு ஆண்டுகள் வருந்திய காயசண்டிகையின் வயிற்றை அவிக்கிறது. சிதைத்தீ, அடுப்புத்தீ, வயிற்றுத்தீ என்று மூன்று தீக்களை ஒரு பெண்ணின் கையால் கோத்துவிட்ட இந்தப் பகுதி, தீயில் பிழைத்தல் என்பதற்குத் தமிழ் அளித்த மிக முழுமையான விளக்கம். சோறாக மாறி இன்னொருவர் வயிற்றுக்குப் போய்ச் சேர்ந்தால்தான் அந்தப் பிழைப்பு நிறைவுறுகிறது.

உலக இலக்கியத்தில் இதே கேள்விகள் வேறு நிலங்களில் எழுந்துள்ளன. 1908இல் வெளியான ஜாக் லண்டனின் ‘டு பில்ட் எ ஃபயர்’ சிறுகதையில், யூகான் பனிவெளியில் உறைந்துகொண்டிருக்கும் மனிதன் தீ மூட்டத் தெரிந்தவன்தான். மூட்டிய இடம் பனி சுமந்த மரத்தின் அடி என்பதால் கிளைப்பனி சரிந்து தீயை அவித்துவிடுகிறது. வில்லியம் கோல்டிங்கின் 1954ஆம் ஆண்டு நாவலான ‘லார்ட் ஆஃப் தி ஃப்ளைஸ்’, தீவில் சிக்கிய சிறுவர்கள் மீட்புக்காக மலைமேல் வளர்க்கும் அடையாளத் தீயில் தொடங்கி, ஒருவனை வேட்டையாட அவர்கள் தீவுக்கே வைக்கும் தீயில் முடிகிறது. கப்பலை வரவழைத்தது கொல்ல வைத்த அந்தத் தீயின் புகை. ரே பிராட்பரியின் ‘ஃபாரன்ஹீட் 451’ 1953இல் வந்தது. வீடுவீடாகச் சென்று நூல்களை எரிக்கும் வேலை பார்த்த மாண்டாக், தப்பியோடிக் காட்டோரத்தில் நாடோடிகள் சுற்றியமர்ந்த நெருப்பைக் காணும்போது, அது எதையும் எரிக்காமல் கதகதப்பு மட்டும் தருவதைக் கண்டு திகைக்கிறான். அந்த மனிதனுக்கு வாழ்நாளில் தீக்காய்தல் தெரிந்திருக்கவில்லை என்று குறளின் சொல்லால் கூறலாம். ஈழத்தமிழர்க்கு அந்நாவலின் முற்பகுதி கற்பனையாக இல்லை: 1981 மே 31 இரவு தொடங்கி யாழ்ப்பாணம் பொது நூலகம் எரிக்கப்பட்டபோது ஏறத்தாழ 97,000 நூல்களும் சுவடிகளும் சாம்பலாயின.

காட்டோரத்தில் வாழ்வோர்க்குத் தீயைப் பற்றிய அறிவு நூல்வழி வருவதன்று. பென்னாகரத்தை அடுத்த காவிரிக்கரைக் காடுகள் பெரும்பாலும் இலையுதிர் காடுகளும் முட்புதர்களும் கலந்தவை. இவற்றின் ஒரு பகுதி, தருமபுரி, கிருஷ்ணகிரி மாவட்டங்களில் 2022இல் அறிவிக்கப்பட்ட காவிரி தெற்கு வன உயிரினச் சரணாலயத்துக்குள் வருகிறது. மாசி முதல் சித்திரை வரை மூங்கிலும் புல்லும் உண்ணிச்செடியும் காய்ந்து கிடக்கும் பருவத்தில், சருகை முன்கூட்டியே அகற்றி வெறும் மண்ணாக்கிய தடுப்புக் கோடுகளை வனத்துறையினர் அமைப்பர்; தீ பெருகிவிட்டால், அது வரும் வழியில் தாங்களே எதிர்த்தீ வைத்து, வரும் தீக்கு உண்ண ஒன்றுமில்லாமல் செய்வதும் உண்டு. ஒரு தீயை இன்னொரு தீயால் பட்டினி போடும் இந்த உத்தியில், எரவாணத்து ஞெலிகோலை வைத்தவர்களின் கணக்கு இன்னும் உயிரோடிருக்கிறது.

அறிவு தொழிலில் தங்குவதுபோலச் சடங்கிலும் தங்குகிறது. தருமபுரி உள்ளிட்ட வட மாவட்டங்களில் திரௌபதி அம்மன் கோயில்களில் பாரதப் பிரசங்கமும் தெருக்கூத்தும் பல நாள் நடந்து, படுகளத்துக்குப் பின் தீமிதியோடு விழா நிறைவுறும். வேள்வித் தீயில் பிறந்தவள் என்று பாரதம் சொல்லும் திரௌபதியின் கோயிலில் இது பொருத்தமான முடிவு. விறகு எரிந்து கங்கான குழியை மக்கள் பூக்குழி என்பர், கடத்தலைப் பூமிதி என்பர், கையிலேந்தும் தீச்சட்டியைப் பூச்சட்டி என்பர். கொங்குப் பகுதியில் அதுவே குண்டம். கங்கைப் பூவென்று அழைப்பதை மங்கல வழக்கு என்று இலக்கணம் வகைப்படுத்திவிடும். ஆனால் சடங்கில் இறங்குபவருக்கு அந்தச் சொல் ஒரு வேலை செய்கிறது: ஊரே சுற்றி நின்று இது பூ என்று சொல்லும் துணையோடுதான் அவர் கால் வைக்கிறார். தீ சுடாது என்ற நம்பிக்கைக்குள், சுற்றி நிற்பவர்கள் தன்னவர்கள் என்ற நம்பிக்கை அடங்கியிருக்கிறது.

ஊரைச் சுற்றி நிறுத்தும் இந்தச் சொல்லைப் பெருமாள்முருகன் தம் நாவலுக்குத் தலைப்பாக்கினார். ‘பூக்குழி’ 2013இல் காலச்சுவடு வெளியீடாக வந்தது. அனிருத்தன் வாசுதேவனின் ஆங்கில மொழிபெயர்ப்பான ‘பைர்’ 2023இல் சர்வதேச புக்கர் பரிசின் நெடும்பட்டியலில் இடம்பெற்றது. மொழிபெயர்ப்பின் தலைப்புக்குச் சிதை என்று பொருள். அந்த மாற்றத்தில் பூவும் போய்விட்டது, கடந்து மீள்வதற்கான வாய்ப்பும் போய்விட்டது. சிதையிலிருந்து நடந்து வெளியேறுவோர் இல்லை.

இந்நாவலுக்கு முன், எரிப்பைக் கருவாகக் கொண்ட தமிழ்ப் புனைவுகளுள் பெரும்பாலானவை கீழ்வெண்மணியிலிருந்து பிறந்தவை. 1968 டிசம்பர் 25 இரவு அவ்வூரில் கூலி உயர்வு கேட்ட விவசாயத் தொழிலாளர் குடும்பங்களைச் சேர்ந்த 44 பேர், அடைக்கலம் தேடி ஒண்டிய ஒரு குடிசைக்குள் எரித்துக் கொல்லப்பட்டனர். இறந்தவர்களில் பெரும்பாலோர் பெண்களும் குழந்தைகளும். கண்ணகி வகுத்த விலக்குப்பட்டியலில் இருந்தவர்களே இங்கே எரிந்தவர்கள். இந்திரா பார்த்தசாரதியின் ‘குருதிப்புனல்’ இந்நிகழ்ச்சியைப் பின்னணியாகக் கொண்டு எழுதப்பட்டு 1977இல் சாகித்திய அகாதமி விருது பெற்றது. கொடுமையின் வேரை நிலக்கிழாரின் ஆண்மைக் குறைபாட்டில் தேடியதற்காக அந்நாவல் கடுமையாக விமர்சிக்கப்பட்டது, அவ்விமர்சனம் நியாயமானதே. வர்க்கமும் சாதியும் சேர்ந்து வைத்த தீயை ஒரு தனிமனிதனின் உடற்குறையாகச் சுருக்கியதால், தீ வைத்தவனைப் பற்றி வாசகர் நிறைய அறிகிறார், குடிசைக்குள் ஒண்டியவர்களைப் பற்றிக் குறைவாகவே அறிகிறார். சோலை சுந்தரபெருமாளின் ‘செந்நெல்’ 1999இல் அந்தக் குறையை ஈடுசெய்ய முயன்று, சேரியின் பேச்சிலும் உழைப்பிலும் கதையை ஊன்றியது.

தருமபுரி மாவட்டமும் செய்தித்தாள் நினைவில் இரண்டு தீக்களோடு பிணைந்திருக்கிறது. 2000 பிப்ரவரி 2இல் இலக்கியம்பட்டியில் எரிக்கப்பட்ட பேருந்தில் வேளாண் கல்லூரி மாணவியர் மூவர் இறந்தனர். 2012 நவம்பர் 7இல், சாதி கடந்த திருமணம் ஒன்றைக் காரணமாக்கி, நாயக்கன்கொட்டாயை அடுத்த நத்தம் முதலிய மூன்று தலித் குடியிருப்புகளில் 268 வீடுகள் சூறையாடப்பட்டும் எரிக்கப்பட்டும் போயின. அன்று மக்கள் ஓடித் தப்பினர். அத்திருமணத்தின் மணமகனான இளவரசன் 2013 ஜூலை 4இல் தருமபுரியில் ரயில் பாதையருகே இறந்து கிடந்தார். ‘பூக்குழி’ அவருக்குக் காணிக்கையாக்கப்பட்டது.

நாவல் இந்நிகழ்ச்சிகளைக் கதையாக்கவில்லை. அதன் காலம் எண்பதுகள். சோடா வேலை கற்ற குமரேசனும் நகரத்துப் பெண்ணான சரோஜாவும் திருமணம் செய்துகொண்டு அவனது ஊரான காட்டுப்பட்டிக்கு வருகின்றனர். இறங்கும்போதே உச்சிவெயில் கொதிக்கிறது. வெறும் பாறைமேல் அமைந்த குடிசை; பகலெல்லாம் சூடேறும் கல்; ஓயாமல் வசவும் ஒப்பாரியும் பாடும் மாமியார் மாராயி. சரோஜாவின் சாதி எது என்று நாவல் கடைசிவரை சொல்வதில்லை. ஊர் அதைத்தான் கடைசிவரை கேட்கிறது. வெயிலில் தொடங்கிய சூடு கல்லுக்கும் சொல்லுக்கும் படிப்படியாக ஏறி, இறுதியில் அவள் ஒளிந்துகொண்ட முட்புதருக்கு ஊரார் வைக்கும் தீயாகிறது. எரிப்பை ஓர் இரவின் வெறியாகக் காட்டாமல், நூறு பக்கத்துக்கும் மேலாக மெல்லக் காய்ந்து வந்த சருகின் முடிவாகக் காட்டியதே இந்நாவலின் சாதனை. ஞெலிகோல் ஒரே சுழற்சியில் பற்றுவதில்லை. தூள் உதிர்ந்து, கறுத்து, புகைந்து, அதன்பின்தான் கங்கு. மாராயியின் ஒப்பாரியைக் கடைதலின் ஓசையாகப் படித்தால் நாவலின் கட்டமைப்பு தெளிவாகும்.

வள்ளுவர் சொன்ன சேர்ந்தாரைக் கொல்லிக்கு இங்கே இன்னொரு பொருள் கூடிவிடுகிறது. சேர்ந்தார் என்றால் சினத்தைச் சேர்ந்தவர் என்பது குறளின் பொருள். இந்நாவலில் கொல்லப்பட வேண்டியவளாகக் குறிக்கப்படுபவள், சேர்ந்து வாழ வந்ததையே குற்றமாகச் சுமப்பவள். இனம் என்னும் தெப்பத்தைச் சினம் சுட்டுவிடும் என்று குறள் எச்சரித்தது. காட்டுப்பட்டியில் தெப்பத்தைக் காப்பாற்றுகிறோம் என்று சொல்லியே தீ வைக்கிறார்கள். குமரேசனுக்கு அவன் உறவே புணை. அதில் அவளையும் ஏற்றிக்கொள்ளலாம் என்று அவன் இறுதிவரை நம்புவதும், நாளானால் எல்லாம் சரியாகிவிடும் என்று அவளைத் தேற்றுவதும் அவனது பேதைமை. தீக்காய்வோர் கொள்ள வேண்டிய தொலைவை அவன் கணிக்கத் தவறினான். அவளுக்கோ கணிக்கும் வாய்ப்பே இருக்கவில்லை, ஏனெனில் அவள் குடிவைக்கப்பட்டது எரவாணத்துக்கு நேர் கீழே.

நாவலின் தலைப்பு எழுப்பிய எதிர்பார்ப்பை முடிவு வேண்டுமென்றே நிறைவேற்றாமல் விடுகிறது. பூக்குழியில் இறங்குபவரைச் சுற்றி ஊர் நிற்கும். சரோஜாவைச் சுற்றியும் ஊர் நிற்கிறது. திரௌபதியைத் தீ சுடாது, ஆதிரையைத் தீ சுடவில்லை. சரோஜாவுக்கு அத்தகைய தெய்வச் சான்று எதையும் பெருமாள்முருகன் வழங்கவில்லை. அசரீரி அறிவித்த செய்தியின் இடத்தில் தொலைவில் நெருங்கிவரும் ஒரு சைக்கிளின் ஓசை மட்டும் அவள் காதில் விழுகிறது. அவன் வந்து சேர்ந்தானா, தீ முந்தியதா என்பதைச் சொல்லாமல் நாவல் நின்றுவிடுகிறது. இதை நம்பிக்கை தரும் முடிவு என்று கொள்வோர் உண்டு. காணிக்கைப் பக்கத்தைப் படித்துவிட்டு இறுதிப் பக்கத்துக்கு வரும் வாசகர் அப்படிக் கொள்வது எளிதாக இராது. அந்தப் பக்கத்தில் பெயர் உள்ள இளைஞர் இறந்த அதே ஆண்டில் நூல் வெளிவந்தது.